அணைத்துவிட்டுத் தள்ளிக்கொண்டு வா

மார்ச் 9

அன்புள்ள தம்பிக்கு,

நான் நலம். நீ நலமா என்று கேட்டால் 'ஜோரா இருக்கேன்க்கா' என்று எழுதிவிட்டு, வலிக்கிற காலை நாற்காலியில் தூக்கிவைத்துக்கொண்டு உட்கார்ந்திருப்பாய். அதனால் கேட்கவில்லை. போன மாதம் நீ அனுப்பியது ஒரு கடிதமா? ஐந்தே வரி. அதிலும் மூன்று வரி பனிமூட்டத்தைப் பற்றி. பனிமூட்டத்துக்கு என்னடா, அது பாட்டுக்கு இருக்கும். சாப்பிட்டாயா, தூங்கினாயா, அதை எழுது.

இங்கே பட்டறையை ஒழித்துக்கொண்டிருக்கிறேன். பதறாதே, கீழே சொல்கிறேன். நேற்று மேல்தட்டில் சாக்குத் துணி சுற்றிய ஒரு மூட்டை கிடைத்தது. பிரித்தால் நம் முதல் சைலன்சர்! பிஸ்கட் டின் தகட்டை வெட்டி, கூம்பின் மேல் கூம்பு வைத்து, நடுவில் வயிறு வீங்கினாற்போலப் பற்றவைத்தோமே, அதேதான். அப்போது எனக்கு இருபத்து நான்கு, உனக்குப் பதினெட்டு. அதைப் பார்த்துவிட்டு நீ கேட்டது இன்னும் காதில் இருக்கிறது. "என்னக்கா இது, பாம்பு எலியை முழுங்கிட்டுப் படுத்திருக்கு?"

பந்தயத் திடலில் எல்லோரும் அப்படித்தான் சிரித்தார்கள். அதுவரை எல்லா மோட்டார்சைக்கிளுக்கும் நேர்க்குழாய்தான். பெண்பிள்ளை தகரத்தை ஒட்டிக்கொண்டு வந்திருக்கிறாள் என்று வேடிக்கை பார்க்க ஒரு கூட்டமே கூடியது. நீ முதல் சுற்றை முடித்து, எல்லோருக்கும் முன்னால் நேர்பாதையில் வந்தாய் பார்! அடுத்த வருடம் எல்லா வண்டிக்கும் வயிறு வீங்கியிருந்தது. ஒருவர் செருப்பு வாரைச் சரிசெய்கிற சாக்கில் குனிந்து, சாண்வைத்து அளந்துகொண்டிருந்தார். 'ஐயோ பாவம், முதுகு வலிக்கும், நானே சொல்கிறேன்' என்று அளவைச் சொல்லி அனுப்பினேன். கொஞ்சம் தப்பாகத்தான் சொன்னேன்.

வெல்டர் சுகம். முதல் குழாயிலிருந்து என்னோடு இருக்கிற மனிதர். இருபத்தெட்டு வருடத்தில் வருடத்துக்கு ஒரு வாக்கியம் பேசியிருந்தால் அதிகம். அந்த மூட்டையைப் பிரித்துக் காட்டினேன். தடவிப் பார்த்தார், வெளியே போய் மூக்கைச் சிந்திவிட்டு வந்தார். அதோடு சரி.

நம் புது ரைடர் தபால்காரர் என்று எழுதியிருந்தேன் அல்லவா? வாரத்தில் ஐந்து நாள் தபால், சனி ஞாயிறு என் வண்டி. இந்தக் கடிதத்தையும் அவர்தான் பெட்டியிலிருந்து எடுப்பார். நல்ல கை, ஆனால் வாய் அதற்கு மேல். போன சனிக்கிழமை பழைய விமானத்தளத்தில் சோதனை ஓட்டம். "ஓடுபாதை முடியற வரைக்கும் முழு வேகம். முனையில கிளட்சைப் பிடிங்க, அதே நொடியில இன்ஜினை அணைங்க. சும்மா உருண்டு நில்லுங்க. அப்புறம் அணைச்சபடியே தள்ளிக்கிட்டு வாங்க" என்றேன்.

"ஒரு கிலோமீட்டர் தள்ளணுமா? ஓட்டிக்கிட்டே வந்துடறேனே, என்ன ஆகப்போகுது?"

இன்ஜினிலிருந்து ஸ்பார்க் பிளக்கைக் கழற்றிக் கையில் கொடுத்தேன். "இங்க பாருங்க. முழு வேகத்துல எப்படி எரிஞ்சதோ அது இதுல நிறமா ஒட்டியிருக்கும். தேநீர் நிறம்னா சரி. வெளுத்திருந்தா பெட்ரோல் பத்தலை, சூடேறி இன்ஜின் இறுகிடும். கறுத்திருந்தா பெட்ரோல் அதிகம். நீங்க மெதுவா ஓட்டிக்கிட்டு வந்தீங்கன்னா மேல கரி படிஞ்சு எல்லாமே கறுப்பாத்தான் தெரியும். என்கிட்ட பொய் சொன்ன மாதிரி ஆயிடும்."

தள்ளினார், முணுமுணுத்துக்கொண்டே. என் தம்பி ஒருவன் இருந்தான், வேர்த்து வழிய வழியத் தள்ளிக்கொண்டு வருவான், ஒரு வார்த்தை சொல்லமாட்டான் என்று உன் பெருமையை அளந்துவிட்டேன். மனிதர் வாயை மூடிக்கொண்டார்.

சரி, விஷயத்துக்கு வருகிறேன். இந்தப் பருவத்தோடு அணியை மூடுகிறேன். மே மாதக் கடைசி ஞாயிறு கடைசிப் பந்தயம். இரண்டு வண்டிகளும் கைமாறும், ரொட்டி வண்டியாக இருந்து நம்மிடம் வந்த அந்த வேனும் போகும். போன வாரம் பெரிய கம்பெனி ஒன்றிலிருந்து ஆள் வந்தார். இன்ஜின் பிரிவுக்குத் தலைமை ஏற்க வேண்டும் என்றார். தேநீர் கொடுத்து அனுப்பிவிட்டேன். காரணம் அலுப்பு. எழுதிவிட்டேன், போதுமா?

மறக்காமல் பதில் போடு. பனிமூட்டம் ஒரு வரிக்கு மேல் வரக்கூடாது.

என்றும் உன்
அக்கா


மார்ச் 21

அன்புள்ள அக்காவுக்கு,

சாப்பிட்டேன். தூங்கினேன். இரண்டையும் முதலிலேயே எழுதிவிட்டேன், இனிப் பனிமூட்டத்தைப் பற்றி எழுத எனக்கு உரிமை இருக்கிறது.

காலை ஆறரைக்குப் படகுத்துறைச் சன்னலைத் திறக்கிறேன். ஆறு தெரிவதில்லை. பயணிகளும் தெரிவதில்லை. வெள்ளையிலிருந்து ஒரு கை மட்டும் நீண்டு வருகிறது, நான் டிக்கெட்டைக் கிழித்து அந்தக் கையில் வைக்கிறேன், கை போய்விடுகிறது. படகு பத்தடி போனதும் அதுவும் இல்லை. சத்தம் மட்டும் ஆற்றுக்கு நடுவில் நடந்து போகிறது. அந்த நேரத்தில் கண்ணை மூடினால் போதும், நான் உன் பட்டறையில் இருக்கிறேன். நீ அரத்தால் எதையோ தேய்த்துக்கொண்டிருக்கிறாய், எனக்கு முதுகைக் காட்டிக்கொண்டு. 'அக்கா' என்கிறேன். 'இருடா' என்கிறாய். அவ்வளவுதான், மறுபடி ஒரு கை டிக்கெட் கேட்கிறது. உன் கடித உறையில் ஆமணக்கெண்ணெய் வாசனை இருந்தது, எரிந்த ரேஸ் எண்ணெயின் அதே வாசனை. இரண்டு நாள் அதைச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டிருந்தேன். பயணிகள் மூக்கைச் சுளித்தார்கள், சுளிக்கட்டும்.

ஒரு கனவு அடிக்கடி வருகிறது. விமானத்தளம். அங்கேயும் பனிதான், திட்டாதே. நான் ஓடுகிறேன், வண்டி இல்லாமல், இரண்டு காலும் மடங்கி மடங்கி நிமிர்கின்றன. எதிரில் பெரிய வெள்ளைப் பறவைகள் நிற்கின்றன. என்னைப் பார்த்துப் பயந்து பறக்கவில்லை, நிதானமாக நடந்து வழிவிடுகின்றன. விழித்ததும் கால் கனக்கிறது. எழுந்து ஜன்னலைத் திறந்து கொஞ்ச நேரம் நிற்பேன்.

உனக்கு அலுப்பா? யாரிடம் கதை விடுகிறாய்? ஜுரத்தில் கிடந்தபோது கார்புரேட்டரைப் போர்வைக்குள் வைத்துக்கொண்டு படுத்தவள் நீ. அந்த முதல் குழாயைச் செய்ய விரல் நுனி பத்தையும் தகட்டில் கிழித்துக்கொண்டு, கட்டுப்போட்ட கையோடு கொடி அசைத்தவள் நீ. உனக்கு அலுப்பு வந்தால் ஆற்றுக்கு அலுப்பு வந்து நின்றுவிடும், என் வேலையும் போய்விடும்.

போன வாரம் ஒருவர் சன்னலுக்குள் எட்டிப் பார்த்து, "நீங்க அந்த ரெண்டாவது வர்ற டீமோட அக்காவுக்குத் தம்பிதானே?" என்று கேட்டார். எனக்குச் சுருக்கென்றது. ஆமாம் என்றேன். "அதிசயம்ங்க. பதினோரு வருஷமா அவங்க வண்டி ஒண்ணுகூட நடுவழியில நின்னதில்லை, ஒண்ணுகூட முதல்லயும் வந்ததில்லை" என்றார். அவருக்கு டிக்கெட் கொடுத்துவிட்டு வெகுநேரம் அதையே நினைத்துக்கொண்டிருந்தேன். ஏன் அக்கா அப்படி? அதற்கு முன்னால் நாம் எத்தனை முறை முதலில் வந்திருக்கிறோம்! இப்போது ஓட்டுகிறவர்கள் சரியில்லையா?

மூடாதே அக்கா. நீ மூடினால் எனக்கு என்னவோ போல் இருக்கும். காரணம் சொல்லத் தெரியவில்லை, மூடாதே.

உன் அன்புத்
தம்பி


ஏப்ரல் 2

அன்புள்ள தம்பிக்கு,

ஓட்டுகிறவர்களைக் குறை சொல்லாதே. அவர்கள் பாவம். நீ கேட்டுவிட்டாய், இனி மறைத்து என்ன ஆகப்போகிறது. இதை நான் யாரிடமும் முழுசாகச் சொன்னதில்லை. வெல்டருக்குத் தெரியும், ஆனால் அவர்தான் பேசமாட்டாரே.

நீ விழுந்த அந்தப் பந்தயத்துக்கு முந்தைய நாள் சோதனை ஓட்டம் முடிந்து நீ தள்ளிக்கொண்டு வந்தாய். நான் பிளக்கைக் கழற்றினேன். கறுத்திருந்தது. பெட்ரோல் அதிகம் குடிக்கிறது என்று முடிவுசெய்து ஒரு அளவு சின்ன ஜெட்டைப் போட்டேன். பெட்ரோல் போகிற அந்தப் பித்தளைத் துண்டின் ஓட்டை எவ்வளவு இருக்கும்? ஒரு ஊசிமுனைதான். மறுநாள் மூன்றாவது சுற்றில், நீள வளைவில், இன்ஜின் இறுகிப் பின்சக்கரம் நின்றுவிட்டது. உன்னை ஆஸ்பத்திரியில் சேர்த்துவிட்டு வந்து அந்த வண்டியின் பிளக்கைக் கழற்றிப் பார்த்தேன். எலும்பு போல வெளுத்திருந்தது. பெட்ரோல் பற்றாமல் எரிந்திருக்கிறது. அப்படியென்றால் முந்தைய நாள் அது கறுப்பே இல்லை. நான் தப்பாகப் படித்திருக்கிறேன். தேநீர் நிறத்தைக் கறுப்பு என்று படித்துவிட்டு, சொந்தத் தம்பியை அந்த வண்டியில் ஏற்றி அனுப்பியிருக்கிறேன்.

அன்றிலிருந்து என் கண்ணை நான் நம்புவதில்லை. இப்போதும் பிளக்கைப் பார்ப்பேன், மனதுக்குள் ஒரு அளவு சொல்லும். கை அதற்கு மேல் ஒரு அளவு பெரிய ஜெட்டை எடுக்கும். பெரியது போட்டால் இன்ஜின் இறுகாது, யாரும் விழமாட்டார்கள். ஆனால் நேர்பாதையில் அந்தக் கொஞ்சம் வேகம் குறையும். அந்தக் கொஞ்சத்தில்தான் முதலிடம் இருக்கிறது. பதினோரு வருடமாக எங்கள் இரண்டாவது இடத்தின் ரகசியம் இதுதான். ஊரே அதிசயம் என்கிறது, நான் ஒரு பயந்தாங்கொள்ளி, அவ்வளவுதான்.

சரி, இரண்டாவதாகவாவது வந்துகொண்டிருந்தோம். பிப்ரவரியில் ஒரு நாள் பிளக்கைக் கையில் வைத்துக்கொண்டு நின்றேன். நிறமே தெரியவில்லை. கண் நன்றாகத்தான் இருக்கிறது, டாக்டரிடம் காட்டிவிட்டேன். மனசுதான். இதுவா, அதுவா என்று தலை சுற்றியது. பயத்தில் இரண்டு அளவு பெரியதைப் போட்டுவிட்டேன். தபால்காரர் நாலாவது வந்தார். வண்டியை நிறுத்திவிட்டு, "என்னங்க இது, நனைஞ்ச போர்வையை இழுத்துக்கிட்டு ஓடற மாதிரி இருந்துச்சு" என்றார். அன்றே முடிவுசெய்துவிட்டேன். படிக்கத் தெரியாதவளுக்கு இந்த வேலை எதற்கு? கம்பெனிக்காரரிடமும் அதையேதான் சொன்னேன். "என் கண்ணு ஒரு ஆளோட காலை வாங்கிடுச்சு, வேற ஆளைப் பாருங்க" என்றேன். அவர் தேநீரைப் பாதியில் வைத்துவிட்டுப் போனார்.

தம்பி, ஆஸ்பத்திரியில் அழுதேனே தவிர உன்னிடம் முறையாக மன்னிப்புக் கேட்டதே இல்லை. இப்போது கேட்கிறேன். உன் காலுக்கும், உன் வேலைக்கும், நீ அந்தச் சன்னலில் உட்கார்ந்திருப்பதற்கும் நான்தான் காரணம். என்னை மன்னித்துவிடு. கடைசிப் பந்தயத்துக்கு வருவாயா? நீ வேலிக்குப் பக்கத்தில் நின்றால் எனக்குத் தைரியமாக இருக்கும். வேன் அனுப்புகிறேன், நீண்ட பெஞ்சில் காலை நீட்டிக்கொண்டு வரலாம்.

உன்
அக்கா


ஏப்ரல் 15

அக்கா,

வேன் அனுப்பாதே. இந்தக் கடிதத்தை முழுக்கப் படித்த பிறகும் அனுப்பத் தோன்றினால் அப்போது பார்க்கலாம்.

உன் கடிதம் வந்து ஒன்பது நாள் ஆயிற்று. படித்த அன்று டிக்கெட்டுகளைத் தலைகீழாகக் கிழித்துக் கொடுத்திருக்கிறேன், படகுக்காரர் வந்து திட்டினார். நீ மன்னிப்புக் கேட்ட வரிக்கு மேல் என்னால் போக முடியவில்லை. சொல்லிவிடுகிறேன்.

நீ தப்பாகப் படிக்கவில்லை. அது கறுப்பாகத்தான் இருந்தது. கறுப்பாக்கியது நான்.

அன்று காலைப் பனியில் ஓடுபாதையின் முனைவரை முழு வேகத்தில் போனேன். கிளட்சைப் பிடித்தேன். அணைக்கிற நொடியில் பார்க்கிறேன், எதிரே பறவைகள். ஐம்பது அறுபது இருக்கும். இடுப்பு உயரம், வெள்ளை வெளேரென்று, பனியிலிருந்து செய்து நிறுத்தியது போல. அணைத்தால் அந்தத் திடீர் அமைதிக்கு மிரண்டு எல்லாம் பறந்துவிடும் என்று தோன்றியது. ஏன் அப்படித் தோன்றியது என்று கேட்காதே. அணைக்கவில்லை. மெதுவாகத் திருப்பி, முதல் கியரில், அவற்றுக்கு நடுவில் ஓட்டினேன். அவை நகர்ந்து வழிவிட்டன. ஒன்று என் கைப்பிடியை எட்டிப் பார்த்தது. என் வாழ்நாளில் அவ்வளவு சந்தோஷமாக நான் எந்தப் பந்தயத்திலும் இருந்ததில்லை. உன்னையும் மறந்தேன், பிளக்கையும் மறந்தேன். நினைவு வந்தபோது பாதி தூரம் வந்துவிட்டிருந்தேன்.

அப்போதாவது நின்று, திரும்பிப் போய் இன்னொரு ஓட்டம் ஓடியிருக்கலாம். வெயில் வந்துகொண்டிருந்தது, நீ அவசரப்படுவாய், திட்டுவாய் என்று பயந்தேன். நீ நிற்கிற இடத்துக்குக் கொஞ்சம் முன்னால், பனி மறைவிலேயே, இன்ஜினை அணைத்தேன். மீதி தூரம் தள்ளினேன். முகத்தில் இருந்தது வேர்வை இல்லை அக்கா, பனித்தண்ணீர். மூச்சு வாங்குவது போல நடித்தேன். நீ, "பாவம்டா, உட்காரு" என்று உன் துண்டை எடுத்துக் கொடுத்தாய். பிளக்கைப் பார்த்துவிட்டு, "ரொம்பக் குடிக்குது, ஒண்ணு குறைக்கறேன்" என்றாய். அப்போது சொல்லியிருக்க வேண்டும். வாய் வரை வந்தது. ஒரு அளவுதானே, என்ன ஆகிவிடப்போகிறது என்று விழுங்கிவிட்டேன்.

ஆஸ்பத்திரியில் கண் விழித்ததும் முதலில் இதைத்தான் சொல்ல நினைத்தேன். நீ என் பாதத்தைப் பிடித்துக்கொண்டு, "என் கண்ணு தப்பு பண்ணிடுச்சுடா" என்று தேம்பிக்கொண்டிருந்தாய். நீ அழுது நான் பார்த்ததே இல்லை. அப்புறம் நாற்பது நாள் பட்டறையைப் பூட்டிவிட்டு என் கட்டிலருகில் இருந்தாய். தலைக்குத் தண்ணீர் ஊற்றினாய், பத்திரிகை படித்துக் காட்டினாய், எனக்குத் தூக்கம் வரும்வரை பேசிக்கொண்டிருந்தாய். சின்ன வயதிலிருந்து உன் முதுகைப் பார்த்தே வளர்ந்தவன் நான். ஜெயித்துவிட்டு வந்து இறங்குவேன், நீ இன்ஜினிடம்தான் குனிவாய். அந்த நாற்பது நாள் நான் உன் இன்ஜினைவிட முக்கியமானவனாக இருந்தேன். நாளைக்குச் சொல்கிறேன், நாளைக்குச் சொல்கிறேன் என்று தள்ளிப்போட்டேன். வீட்டுக்கு வந்த பிறகு ஊர் மாறினேன், நீ மாதம் தவறாமல் எழுதினாய். குற்ற உணர்ச்சியில்தான் எழுதுகிறாள், உண்மை தெரிந்தால் கடிதம் நின்றுவிடும் என்று ஒரு பயம். உன் பயத்தைப் பற்றி எழுதியிருந்தாய், என் பயம் இதுதான்.

இரண்டாவது இடத்தின் காரணம் எனக்குச் சத்தியமாகத் தெரியாது. ரைடர்கள் சுமார் என்றே நினைத்திருந்தேன். என் வாய்க்குள் ஒரு வார்த்தை கிடந்ததால் உன் கை பதினோரு வருடம் தப்பான ஜெட்டை எடுத்திருக்கிறது. தெரிந்திருந்தால் அன்றே சொல்லியிருப்பேன் என்று எழுத ஆசையாக இருக்கிறது. உண்மையில் சொல்லியிருப்பேனா என்று தெரியவில்லை.

என்னைத் திட்டு. ஆனால் அணியை மூடாதே. அந்தக் கம்பெனிக்காரரைக் கூப்பிட்டுப் பேசு. உன் கண் ஒருபோதும் தப்புப் பண்ணவில்லை.

தம்பி


மே 6

அன்புள்ள அக்காவுக்கு,

மூன்று வாரமாகிறது. கடிதம் வழியில் தொலைந்திருக்கலாம் என்று மூன்று நாள் நினைத்துப் பார்த்தேன். உன் ரைடரே தபால்காரர், தொலைய எப்படி விடுவார்?

பனிக்காலம் முடிந்துவிட்டது. இப்போது ஆறு முழுக்கத் தெரிகிறது, அக்கரையில் துணி காயப்போடுகிறவர்கள்கூடத் தெரிகிறார்கள். பயணிகளுக்கு முகம் வந்துவிட்டது. எனக்கு என்னவோ கையாக மட்டும் இருந்ததே பிடித்திருந்தது. அந்தக் கனவும் வரவில்லை. தினமும் படுக்கும்போது வருமா என்று பார்க்கிறேன்.

நீ எழுதாவிட்டால் பரவாயில்லை. கடைசிப் பந்தயத்தில் என்ன ஜெட் போடப்போகிறாய் என்று மட்டும் ஒரு அட்டையில் எழுதிப் போடு. வேறு ஒன்றும் வேண்டாம்.

தம்பி


ஜூன் 1

தம்பிக்கு,

உன் இரண்டு கடிதமும் வந்தன. எதுவும் தொலையவில்லை. பதில் எழுத உட்கார்ந்து நாலு தாள் கிழித்தேன், நாலும் 'அடே எருமை' என்று தொடங்கியது. அதற்கு மேல் ஓடவில்லை.

நீ ஓட்டிக்கொண்டு வந்ததற்கு எனக்குக் கோபமில்லை. பறவையைப் பார்த்துச் சொக்கிப்போனாய். நீ அப்படித்தான், ஐந்து வயதில் ரொட்டி வாங்க அனுப்பினால் மேகத்தைப் பார்த்துவிட்டு வெறுங்கையோடு வருவாய். பயந்துபோய்ச் சொல்லாமல் விட்டதற்குக்கூடக் கோபம் இல்லை. ஆஸ்பத்திரியில் உன் பாதத்தைப் பிடித்துக்கொண்டு நான் அழுதபோது, நீ என் தலையைத் தடவிக்கொடுத்து, "விடுக்கா, யாரும் தப்பு பண்றதுதான்" என்றாய். நீ மறந்திருப்பாய், எழுதவில்லை. எனக்கு அதுதான் நெஞ்சை அறுக்கிறது. செய்யாத தப்புக்கு என்னை மன்னித்துவிட்டாயேடா.

இன்ஜினைவிட முக்கியமாக இருந்தேன் என்று எழுதியிருந்தாய். வெல்டரிடம் அந்த வரியைப் படித்துக் காட்டி, "பார்த்தீங்களா இவன் பேச்சை?" என்றேன். பற்றவைப்பதை நிறுத்திவிட்டு, "அது நெசந்தானே அக்கா" என்றார். இந்த வருடத்துக்கான வாக்கியத்தை இதற்குப்போய்ச் செலவழித்துவிட்டார். எனக்கு ஆத்திரமாக வந்தது, அப்புறம் யோசித்தேன். நீ ஜெயித்து வந்து ஹெல்மெட்டைக் கழற்றும்போது உன் முகம் எப்படி இருக்கும் என்று எனக்கு நினைவில்லை. ஒரு தடவைகூட நினைவில்லை. பிளக்கின் நிறம் ஒவ்வொன்றும் நினைவிருக்கிறது. அது என் தப்பு, ஒத்துக்கொள்கிறேன். அதையும் இதையும் முடிச்சுப்போட்டு நேராக்கிவிடலாம் என்று மட்டும் நினைக்காதே.

கடைசிப் பந்தயத்துக்கு முந்தைய நாள் விமானத்தளத்துக்குப் போனோம். தபால்காரர் முனையில் அணைத்துவிட்டு ஒரு கிலோமீட்டர் தள்ளிக்கொண்டு வந்தார். வந்து விழுந்தவர் மூச்சு வாங்க, "உங்க தம்பியும் இப்படித்தான் தள்ளினாரா?" என்று கேட்டார். சிரிப்பும் வந்தது, உன்னை நாலு அறை அறையவும் தோன்றியது. பிளக்கைக் கழற்றினேன்.  வெயிலில் திருப்பித் திருப்பிப் பார்த்தேன். நல்ல தேநீர் நிறம், ஓரத்தில் மட்டும் கொஞ்சம் கருமை. ஒரு அளவு குறைக்கலாம் என்று மனம் சொன்னது. கை பழக்கத்தில் பெரியதை எடுத்தது. திரும்ப டப்பாவில் வைத்தேன். மனம் சொன்னதைப் போட்டு இறுக்கிவிட்டு, பதினோரு வருடத்தில் முதல்முறையாக நிம்மதியாகச் சாப்பிட்டேன்.

ஞாயிறு நான் வேலியருகில் தனியாக நின்றேன். மூன்றாவது சுற்றில் நீள வளைவு வந்தபோது கண்ணை மூடிக்கொண்டேன். காதுதான் திறந்திருந்தது. சத்தம் எங்கும் அறுபடாமல் ஒரே இழையாக வளைவைச் சுற்றிப்போயிற்று, நேர்பாதையில் ஏறிக்கொண்டே போயிற்று, எனக்கு உடம்பெல்லாம் காற்றாகிவிட்டது போல இருந்தது. கண் திறந்தபோது முன்னால் யாருமே இல்லை, நம் வண்டிதான். கடைசிவரை அப்படியேதான்.

அணியை மூடவில்லை. கம்பெனிக்கும் போகவில்லை, என் பட்டறை எனக்குப் போதும். அன்று பத்திரிகைக்காரர் ஒருவர் வந்து ஏதேதோ கேட்டுவிட்டு, முடிக்கும்போது, "இத்தனை வருஷத்துல நீங்க எப்பவாவது ஒரு பிளக்கைத் தப்பாப் படிச்சிருக்கீங்களா?" என்றார். இந்தக் கேள்விக்கு இதுவரை ஒரே பதில்தான் சொல்லியிருக்கிறேன். 'ஆமாம், ஒரே ஒரு தடவை' என்று சொல்லத்தான் வாயைத் திறந்தேன். "இல்லை" என்று வந்தது.

சொல்லிவிட்டு வேனுக்குப் பின்னால் போய் அழுதேன். அழும்போது உடனே ஓடிப்போய் உன்னிடம் சொல்ல வேண்டும் என்று தோன்றியது, வேறு யார் ஞாபகமும் வரவில்லை. அதைத்தான் என்னால் தாங்க முடியவில்லை.

கொஞ்ச நாள் எழுதாதே. நானும் எழுதமாட்டேன். கோபம் ஆறினால் நானே ஒரு நாள் உன் சன்னலுக்கு வந்து கை நீட்டுவேன், டிக்கெட் கொடு. எப்போது ஆறும் என்று கேட்காதே. ஆறுமா என்றே எனக்குத் தெரியவில்லை.

அக்கா